நெல்லைச் சீமையில் ஒளியிழை ஒட்டுதல்: பிழை வராமல் காப்பதும், வந்த பிழையைக் கண்டறிவதும்

கண்ணாடி ஒளியிழைகளை மின்பொறியால் உருக்கி ஒட்டும் ஸ்ப்ளைசிங் மெஷினின் திரையில், ஒட்டின் ஒளியிழப்பு 0.02 டெசிபெல் என்று வந்துவிட்டால், ஒட்டு நன்றாக விழுந்துவிட்டதாக எண்ணி அடுத்த இழையைக் கையில் எடுப்பது நம் தொழிலில் எங்கும் காணப்படும் பழக்கம். ஆனால் அந்த எண் அளந்து பெறப்பட்டதன்று. இழையின் பக்கவாட்டிலிருந்து கேமராக்கள் எடுத்த படங்களைக் கொண்டு, கோர்கள் (இழையின் நடுவே ஒளி செல்லும் பகுதிகள்) எவ்வளவு விலகியிருக்கின்றன, இழைகள் எவ்வளவு சாய்ந்திருக்கின்றன, கண்ணாடி எங்காவது பருத்தோ மெலிந்தோ இருக்கிறதா என்பவற்றைக் கணக்கிட்டு மெஷின் தரும் மதிப்பீடே அது. ஒளி அந்த ஒட்டைக் கடந்ததையோ, கடக்கும்போது எவ்வளவு இழந்தது என்பதையோ மெஷின் பார்ப்பதில்லை. ஆகவே நாம் நம்ப வேண்டியவை இரண்டு: இழை மெஷினுக்குள் போவதற்கு முன் நம் கை செய்த வேலை ஒன்று, ஒட்டிய பின் இரு முனைகளிலிருந்தும் ஓடிடிஆர் (இழைக்குள் ஒளித்துடிப்பை விட்டு, திரும்பி வரும் ஒளியைக் கொண்டு இழப்பை அளக்கும் கருவி) சொல்லும் கணக்கு மற்றொன்று.

எவ்வளவு நுண்ணிய வேலை இது என்பதை எண்களோடு மனத்தில் வைத்துக்கொள்வது நல்லது. மேற்பூச்சை உரித்த பின் இழையின் விட்டம் 125 மைக்ரான். அதன் நடுவே ஒளி செல்லும் பகுதியின் விட்டம், நாம் வழக்கமாகப் பயன்படுத்தும் ஜி.652.டி இழையில் 1310 நானோமீட்டர் அலைநீளத்திற்கு ஏறத்தாழ 9 மைக்ரான். இரண்டு கோர்களும் ஒரே ஒரு மைக்ரான் விலகி ஒட்டினால் 0.2 டெசிபெல் போய்விடும். இழைகளின் அச்சு ஒரு டிகிரி சாய்ந்து ஒட்டினால் அதே அலைநீளத்தில் 0.3 டெசிபெலுக்கு மேல் போகும். 1550 நானோமீட்டரில் ஒரு கிலோமீட்டர் இழை முழுவதும் சேர்ந்து இழப்பது ஏறத்தாழ 0.2 டெசிபெல்தான் என்பதை இதனோடு ஒப்பிட்டால், ஒரு தூசி செய்யும் கேடு விளங்கும்.

நெல்லைச் சீமையில் இந்தத் தூசிக்குப் பஞ்சமில்லை. ஆனி, ஆடி மாதங்களில் ஆரல்வாய்மொழிக் கணவாய் வழியே புகும் காற்று பணகுடி, வள்ளியூர், ராதாபுரம் வட்டாரத்தில் காற்றாலைகளைச் சுழற்றும் அதே வேகத்தோடு சாலையோரப் புழுதியையும் கிளப்பிக்கொண்டு வரும். உவரி முதல் திருச்செந்தூர்ப் பக்கம் வரை தேரிக்காட்டுச் செம்மணல் மாவு போல் பறக்கும். கூத்தங்குழி, இடிந்தகரைக் கடலோரத்தில் உப்புக் காற்று. தென்காசி, குற்றாலம், அம்பை பக்கத்தில் அதே மாதங்களில் சாரல். இவை ஒவ்வொன்றும் ஒவ்வொரு விதமான பிழையைத் தருகின்றன. மெஷின் பழுது என்று சர்வீஸுக்கு அனுப்பப்படும் பல மெஷின்களுக்கு உண்மையில் தேவைப்படுவது ஒரு பஞ்சுக் குச்சியும் நல்ல ஆல்கஹாலும் மட்டுமே என்பது என் உறுதியான கருத்து.

வேலையைத் தொடங்குமுன்

முதலில் உட்காரும் இடம். திறந்த வெளியில், அதிலும் நான்குவழிச் சாலையின் ஓரத்தில், காற்றுக்கு எதிர்முகமாக மேசையைப் போடக் கூடாது. வண்டிக்குள் வேலை செய்வதே சிறந்தது. அதற்கு வழியில்லையென்றால் வண்டியைக் காற்றுக்குக் குறுக்கே நிறுத்தி, அதன் மறைவில் மூன்று பக்கமும் தார்ப்பாய் கட்டி, சுற்றியுள்ள மண்ணில் ஒரு குடம் தண்ணீரைத் தெளித்துவிட்டு உட்காரலாம். பல மெஷின்களின் காற்றுத் தடுப்பு மூடி விநாடிக்கு 15 மீட்டர் வேகம் வரை தாங்கும் என்று விவரக்குறிப்பில் இருக்கும். அதை நம்பித் திறந்த வெளியில் உட்காருகிறவர்கள் ஒன்றை மறந்துவிடுகிறார்கள். மூடி மூடியிருக்கும்போதுதான் அந்தப் பாதுகாப்பு. இழையை வைப்பதற்காக மூடியைத் திறக்கும் ஒவ்வொரு முறையும் தூசி உள்ளே போய்க்கொண்டுதான் இருக்கிறது.

அடுத்தது ஈரம். குளிர்பதன வசதியுள்ள காரிலிருந்து இறக்கிய மெஷினைச் சாரல் காற்றில் உடனே திறந்தால், லென்ஸிலும் கண்ணாடியிலும், இழையைத் தாங்கும் வி வடிவப் பள்ளமான வி-குரூவிலும் பனி படிந்துவிடும். திரை மங்கலாகத் தெரியும், அல்லது இழையின் ஓரம் தெளிவாகத் தெரியாமல் மெஷின் பிழைச் செய்தி தரும். பெட்டியை மூடியபடியே அரை மணி நேரம் வெளிச்சூட்டிற்குப் பழகவிட்டு, அதன் பிறகு திறப்பது போதுமான தீர்வு. சித்திரை வெயிலில் பூட்டிய வண்டிக்குள் மெஷினை விட்டுவைப்பதும் கேடுதான். பேட்டரியும் திரையும் அதைத் தாங்குவதில்லை.

இடம் மாறும் ஒவ்வொரு நாளும் ஆர்க் (மின்பொறி) அளவுத்திருத்தம் செய்ய வேண்டும். இரு எலக்ட்ரோடுகளுக்கு நடுவே எழும் மின்பொறியின் சூடு காற்றழுத்தத்தையும் ஈரத்தையும் வெப்பநிலையையும் பொறுத்து மாறும். காலையில் மணிமுத்தாறு அடிவாரத்தில் ஒட்டிவிட்டு மதியம் மாஞ்சோலைக்கு ஏறினால், ஆயிரம் மீட்டருக்கு மேல் உயரம் கூடிவிடுகிறது. காற்றழுத்தம் பத்தில் ஒரு பங்கு குறைந்துவிடுகிறது. புதிய மெஷின்கள் தாமே உணர்ந்து ஓரளவு சரிசெய்துகொள்ளும் என்றாலும், மேலே போனவுடன் வெட்டிய இரண்டு வீண் துண்டுகளை வைத்து ஆர்க் அளவுத்திருத்தத்தை ஓட்டிவிடுவதற்கு ஐந்து நிமிடம்கூட ஆகாது. அந்த ஐந்து நிமிடத்தை மிச்சப்படுத்தினால், கழுத்து மெலிந்த ஒட்டுகளை வெட்டி வெட்டி மறுபடி போடுவதில் ஒரு மணி நேரம் போகும்.

எலக்ட்ரோடு தேய்வதை மெஷின் எண்ணிக்கொண்டே வரும். மாடலுக்கு ஏற்ப அதன் ஆயுள் ஆயிரம் முதல் சில ஆயிரம் ஆர்க் வரை இருக்கும். அந்த எண்ணிக்கை முடியுமுன்பே, ஆர்க் எழும்போது ஒளி ஒரே கோடாக நிற்காமல் ஆடினாலோ, சத்தம் சீராக இல்லாமல் படபடத்தாலோ, எலக்ட்ரோடு முனையில் கண்ணாடியின் வெண்படிவு ஏறிவிட்டது என்று கொள்ளலாம். கடலோர வேலையில் இது விரைவாகவே வரும். முனையைப் பிளேடால் சுரண்டுவது ஒருபோதும் வேண்டாம். மாற்றும்போது இரண்டையும் ஜோடியாக மாற்றி, முனையில் விரல் படாமல் பொருத்தி, மெஷினின் எலக்ட்ரோடு நிலைப்படுத்தலை ஓட்டி, அதன்பின் ஆர்க் அளவுத்திருத்தம் செய்ய வேண்டும்.

கேபிளிலிருந்து கிளீவர் வரை

கேபிளைத் திறக்கும்போது நடுவிலுள்ள வலுக்கம்பியை, ஒட்டுகளை மூடிக் காக்கும் பெட்டியான கிளோஷரின் பிடிப்பில் முதலில் இறுக்கிவிட வேண்டும். இதைக் கடைசிக்குத் தள்ளுகிறவர்கள் உண்டு. கம்பத்தின் மேல் தொங்கும் கேபிள் பகல் வெயிலில் நீண்டு, இரவில் சுருங்கி, காற்றில் ஆடும். வலுக்கம்பி பிடிப்பில் இல்லாவிட்டால் அந்த அசைவு முழுவதும், இழைகள் தளர்வாகக் கிடக்கும் லூஸ் டியூபின் வழியே, ஒட்டுகளை அடுக்கும் ட்ரேக்குள் வந்து இழைகளை நெளியவைக்கும். ஒட்டிய அன்று எல்லாம் நன்றாக இருந்து, மூன்று மாதம் கழித்து இழப்பு கூடியது என்று வரும் புகார்களில் கணிசமானவற்றிற்குக் காரணம் இதுதான்.

டியூபுக்குள் இருக்கும் ஜெல்லியைத் துடைப்பதில் அவசரம் கூடாது. ஜெல்லி கரைப்பான் கொண்டு முதலில் துடைத்து, பிறகு ஆல்கஹாலால் ஒருமுறை துடைத்து, பூச்சின் மேல் வழவழப்பு முற்றிலும் போய்விட்டதா என்று விரலால் உணர்ந்து பார்க்க வேண்டும். பூச்சின் மேல் மிச்சமிருக்கும் ஜெல்லி நேரே கிளீவரின் (இழையின் முனையை நேராக வெட்டும் கருவி) ரப்பர் பட்டைக்கும், மெஷினில் இழையைப் பிடிக்கும் கிளாம்புக்கும் போய்ச் சேரும்; அங்கே அது பறக்கும் தேரி மணலையெல்லாம் பிடித்து வைத்துக்கொள்ளும். மறுநாள் மேட்டு நிலத்தில் உலர்ந்த கேபிளை ஒட்டும்போது ஏன் கோர் விலகுகிறது என்று தேடினால், காரணம் முந்தைய நாள் ஜெல்லியில் இருக்கும்.

வண்ண வரிசையை வாய்விட்டுச் சொல்லிப் பிரிக்க வேண்டும்: நீலம், ஆரஞ்சு, பச்சை, பழுப்பு, சாம்பல், வெள்ளை, சிவப்பு, கருப்பு, மஞ்சள், ஊதா, ரோஸ், ஆக்வா. தலைவிளக்கு வெளிச்சத்தில் சாம்பலும் வெள்ளையும் ஒன்றாகத் தெரியும். இழப்பே இல்லாத அழகான ஒட்டு தவறான இழையோடு போடப்பட்டால் அதுவும் பிழைதான். ஒட்டின் மேல் சூடாக்கி மூடும் காப்புக் குழாயான ஸ்லீவை இழையில் மாட்டுவது உரிப்பதற்கு முன் செய்ய வேண்டிய வேலை. மறந்தால் நல்ல ஒட்டையும் வெட்டித்தான் ஆக வேண்டும்.

உரிக்கும்போது ஸ்ட்ரிப்பரை இழைக்கு நேராகப் பிடித்து, மூன்று முதல் நான்கு சென்டிமீட்டர் பூச்சை ஒரே சீரான இழுப்பில் எடுக்க வேண்டும். ஒரே இடத்தில் இரண்டு மூன்று முறை இழுத்தால் கண்ணாடியின் மேல் கண்ணுக்குத் தெரியாத கீறல் விழும். அந்தக் கீறல் அன்றைக்கு ஒன்றும் செய்யாது. மெஷினின் இழுவைச் சோதனையையும் தாண்டிவிடும். காற்றின் ஈரம் அந்தக் கீறலில் ஏறி, அழுத்தத்தில் அது மெல்ல மெல்ல வளர்ந்து, ஒரு நாள் இழை தானே முறியும். உரித்த இழைகளை வரிசையாக விட்டுவிட்டு டீ குடிக்கப் போவதும் இதனால்தான் தவறு: உப்புக் காற்றில் வெற்றுக் கண்ணாடி நிற்கும் ஒவ்வொரு நிமிடமும் அதன் வலிமையைக் குறைக்கிறது. ஒன்றை உரித்து, துடைத்து, வெட்டி, ஒட்டி, ஸ்லீவுக்குள் மூடிய பிறகே அடுத்ததை உரிக்க வேண்டும்.

துடைப்பதற்கு 99 விழுக்காடு ஐசோபுரோப்பைல் ஆல்கஹாலும் நூல் உதிராத துடைப்புத் தாளும் வேண்டும். மருந்துக் கடை ஸ்பிரிட்டிலும் கை கழுவும் சானிட்டைசரிலும் நீரும் வேறு சேர்மானங்களும் கலந்திருக்கும். அவை உலர்ந்த பின் கண்ணாடியின் மேல் மெல்லிய படலமாக நிற்கும். பழைய வேட்டித் துணியில் நூல் உதிரும். ஆல்கஹால் பாட்டிலின் மூடியைத் திறந்தபடி வைத்தால் அது காற்றின் ஈரத்தைக் குடித்து நீர்த்துப்போகும், ஆகவே மழைக்காலத்தில் சிறிய பம்பு பாட்டிலே நல்லது. பூச்சின் பக்கத்திலிருந்து முனையை நோக்கி, தாளைப் புதிய இடத்திற்கு மாற்றி மாற்றி, இழையைச் சற்றுத் திருப்பித் துடைக்க வேண்டும். சுத்தமான கண்ணாடியின் மேல் தாள் போகும்போது கீச்சென்ற சிறு ஒலி எழும். அந்த ஒலி வந்தால் போதும், அதற்கு மேல் தேய்க்க வேண்டாம். இழை முழுவதும் உலர்ந்த பின்பே மெஷினுக்குள் போக வேண்டும், ஏனெனில் ஆல்கஹால் எளிதில் தீப்பற்றும், ஆர்க்கோ நெருப்பு.

வெட்டிய பிறகு துடைக்கக் கூடாது. இந்த ஒரு விதியை எத்தனை முறை சொன்னாலும் தகும். கிளீவர் விட்டுத்தந்த முனையை விட சுத்தமான முனையை நம் கையால் உண்டாக்க முடியாது. துடைத்தால் முனையின் ஓரம் உடையும் அல்லது தாளின் அழுக்கு முனையில் ஏறும். முனை எதன் மேலாவது பட்டுவிட்டால், பட்டதாகச் சந்தேகம் வந்தாலே, மறுபடி உரித்து வெட்டுவதுதான் முறை.

வெட்டுக் கோணம் அரை டிகிரிக்குள் இருப்பது நல்ல வேலைக்கு அடையாளம். ஒரு டிகிரியைத் தாண்டினால் நான் ஒட்டுவதில்லை. எச்சரிக்கை அடிக்கடி வருகிறதே என்று மெஷினின் எல்லையை மூன்று டிகிரிக்கு உயர்த்தி வைத்திருப்பதைப் பல இடங்களில் காணலாம். அதனால் மோசமான வெட்டு நல்ல வெட்டாகிவிடுவதில்லை, நமக்குச் சொல்லப்படுவது மட்டும் நின்றுபோகிறது. எல்லையை ஏற்றுவதற்குப் பதிலாகக் கிளீவரைப் பார்க்க வேண்டும். இழையைப் பிடிக்கும் ரப்பர் பட்டைகளை ஆல்கஹாலால் துடைத்து, பிளேடின் விளிம்பையும் பஞ்சுக் குச்சியால் துடைத்துப் பார்க்க வேண்டும். அதன் பிறகும் முனையில் உதடு போன்ற நீட்டமோ ஓர உடைப்போ வந்தால், பிளேடை அடுத்த எண்ணுக்குத் திருப்ப வேண்டும். வட்டப் பிளேடில் வழக்கமாக 16 நிலைகள் இருக்கும். ஒவ்வொரு நிலையும் ஆயிரக்கணக்கான வெட்டுகளுக்கு வரும் என்றாலும், மணல் பறக்கும் இடத்தில் அதற்கு முன்பே மழுங்கும். எல்லா நிலைகளும் முடிந்த பின்பே பிளேடின் உயரத்தைத் தொட வேண்டும். வெட்டி விழும் துண்டுகளை மூடியுள்ள டப்பாவில் சேர்க்க வேண்டும். அவை தோலில் ஏறினால் எடுப்பது கடினம், கண்ணில் பட்டால் பெருங்கேடு. வேலை செய்யும் மேசையில் சாப்பாட்டை வைக்கவே கூடாது.

திரை காட்டும் பிழைகளைப் படித்தல்

இழையை வி-குரூவில் வைக்கும்போது முனை எலக்ட்ரோடு கோட்டைத் தாண்டாமலும், பள்ளத்தில் உரசாமலும், மேலிருந்து இறக்கி வைக்க வேண்டும். பள்ளத்தின் வழியே தள்ளிக்கொண்டு போனால் முனை தூசியைக் கூட்டிக்கொண்டு போகும். மூடியதும் திரையில் தெரியும் இரு முனைகளையும் ஒட்டுமுன் கண்ணால் பார்க்க வேண்டும். கேமராவின் பெருக்கத்தில் ஒரு மைக்ரான் தூசிகூடக் கரும்புள்ளியாகத் தெரியும். முதலில் வரும் சிறு சுத்திகரிப்புப் பொறியில் அது எரிந்துபோகும் என்று விட்டுவிடலாகாது. பஞ்சு நூல் எரியும், மணல் எரியாது.

ஒட்டிய பின் வரும் பிழைகளில் குமிழிதான் நம் பக்கத்தில் மிகுதி. ஒட்டிய இடத்தின் நடுவில் கரிய அல்லது பளிச்சென்ற சிறு வட்டமாகத் தெரியும். முனையில் அழுக்கோ ஈரமோ இருந்திருக்கலாம், வெட்டு ஓரம் உடைந்து பள்ளம் விழுந்திருக்கலாம், அல்லது முன்-உருக்கும் பொறி பலம் குறைந்து முனையின் அழுக்கை எரிக்காமல் விட்டிருக்கலாம். சாரலில் வேலை செய்யும்போது எல்லா ஒட்டிலும் குமிழி வந்தால், முதலில் ஆல்கஹாலை மாற்றுங்கள், பிறகு கிளீவர் பட்டையைத் துடையுங்கள், அதற்கும் அடங்காவிட்டால்தான் ஆர்க்கைத் தொடுங்கள். இந்த வரிசையை மாற்றி, முதலிலேயே ஆர்க் பலத்தைக் கூட்டினால், குமிழி போய்க் கழுத்து மெலிந்துவிடும். ஒரு பிழைக்கு இரண்டு பிழையாகிவிடும்.

குமிழி எப்போதும் தெளிவாகத் தெரியும் என்று சொல்ல முடியாது. ராதாபுரம் பக்கம் ஒரு கிளோஷரில் வேலை நடந்துகொண்டிருந்தபோது, ஒட்டின் நடுவே மயிரிழை போன்ற நிழல் ஒன்று தெரிய, உடனிருந்த இளைஞர் கேட்டார்: “அண்ணாச்சி, மெஷின்ல 0.01தான காட்டுது, பொறவு எதுக்கு வெட்டணும்?” அதற்கு மூத்தவர் சொன்னது: “எண்ணப் பாக்காதடே, படத்தப் பாரு. ஒய் பக்கத்துல என்ன தெரியுது?” எக்ஸ் திசைப் படத்தில் நிழலாகத் தெரிந்தது ஒய் திசைப் படத்தில் இழையின் மேலோரத்தில் தெளிவான குமிழியாக இருந்தது. கோருக்கு வெளியே இருந்ததால் மெஷினின் மதிப்பீட்டில் அது சேரவில்லை. ஆனால் கண்ணாடியின் வலிமையில் அது ஓட்டைதான். வெட்டி மறுபடி போட்டார்கள். ஆகவே இரு திசைப் படங்களையும் பார்க்காமல் எந்த ஒட்டையும் எடுக்கக் கூடாது.

ஒட்டின் நடுவில் இழை மெலிந்து இடுப்புப் போல் தெரிந்தால், ஆர்க் பலம் அதிகம், அல்லது இழைகள் போதிய அளவு முன்னுக்குத் தள்ளப்படவில்லை. எலக்ட்ரோடைப் பார்த்து ஆர்க் அளவுத்திருத்தம் செய்வதோடு, கிளாம்பில் ஜெல்லி ஒட்டி இழை வழுக்குகிறதா என்றும் பார்க்க வேண்டும். மாறாகப் பருத்துத் தெரிந்தால் தள்ளிய அளவு கூடிவிட்டது. யாரோ நிரலின் அமைப்பை மாற்றியிருக்க வாய்ப்பு அதிகம், ஆகவே தொழிற்சாலை அமைப்புக்குத் திரும்பிப் பார்க்கலாம். இழைகள் ஒட்டாமலே இரண்டு தீக்குச்சித் தலைகளைப் போல் உருண்டு நின்றால், அவை ஒன்றையொன்று தொடவே இல்லை: இழை கிளாம்பில் பிடிபடவில்லை, அல்லது முன்-உருக்கும் நேரம் மிக நீண்டுவிட்டது.

கோர் படி வைத்தாற்போல் விலகித் தெரிவது பெரும்பாலும் வி-குரூவிலோ கிளாம்பிலோ உள்ள தூசியால். இதில் மெஷின் வகை முக்கியம். கோரையே பார்த்து நேராக்கும் ஆறு மோட்டார் மெஷின், சிறு தூசி இழையைத் தூக்கினாலும் தன் நகர்வு எல்லைக்குள் ஈடுகட்டிவிடும். வீட்டு இணைப்பு வேலைக்குப் பரவலாக வந்துள்ள நாலு மோட்டார் மெஷின்கள் பலவற்றில் வி-குரூவ் அசையாதது. அதில் விழும் தூசியின் அளவு அப்படியே விலகலாக மாறும். அத்தகைய மெஷினை வைத்திருப்பவர், தேரிப் பகுதியில் வேலை செய்யும்போது சில ஒட்டுகளுக்கு ஒருமுறை வி-குரூவை ஆல்கஹால் நனைத்த மெல்லிய பஞ்சுக் குச்சியால், பள்ளத்தின் போக்கிலேயே துடைக்க வேண்டும். அப்படியும் தூசி போகாவிட்டால், வெட்டிய இழைத் துண்டின் முனையைப் பள்ளத்தில் மெதுவாக ஓட்டி எடுக்கலாம். வாயால் ஊதக் கூடாது. ஊதினால் தூசி போய் எச்சில் ஈரம் வரும்.

குறுக்கே மெல்லிய கோடு தெரிவது மட்டும் எப்போதும் பிழையல்ல. மல்டிமோடு இழைகளையோ, விட்டம் சற்று மாறுபட்ட இழைகளையோ ஒட்டும்போது அத்தகைய கோடு வரலாம், இழப்பு கூடாது. ஒரே வகை சிங்கிள் மோடு இழைகளில் தடித்த கருங்கோடு வந்தால் ஆர்க் போதவில்லை. அப்போது ஒரே ஒரு முறை மறு-ஆர்க் கொடுத்துப் பார்க்கலாம். அதற்கு மேல் கொடுத்தால் கண்ணாடி மெலிந்து வலிமை போய்விடும்.

காரணம் பிடிபடாதபோது ஒரு நேரத்தில் ஒன்றை மட்டும் மாற்றுங்கள். உதாரணமாக, இடப்பக்கம் எப்போதும் கோணம் மோசமாக வருகிறது என்று வைத்துக்கொள்வோம். இடப்பக்க இழையை வெட்டி வலப்பக்கத்தில் வைத்துப் பாருங்கள். மோசமான கோணம் இழையோடு சேர்ந்து வலப்பக்கம் போனால், குற்றம் வெட்டிலோ இழையிலோ இருக்கிறது. அது இடப்பக்கத்திலேயே நின்றால், அந்தப் பக்கத்து வி-குரூவிலோ கிளாம்பிலோ இருக்கிறது. கிளீவர், ஆர்க், நிரல் மூன்றையும் ஒரே மூச்சில் மாற்றுகிறவருக்குப் பிழை போனாலும் எதனால் போனது என்பது தெரியாது. மறுநாள் அது திரும்பி வரும்போது மறுபடியும் மூன்றையும் மாற்ற வேண்டியதுதான்.

ஸ்லீவும் ட்ரேயும்

ஒட்டை மெஷினிலிருந்து எடுக்கும்போது முறுக்காமல், இழையை இரு பக்கமும் இறுகப் பிடித்து, ஸ்லீவை நடுவுக்குக் கொண்டுவர வேண்டும். இரு ஓரத்திலும் பூச்சுள்ள பகுதி ஸ்லீவுக்குள் போதிய அளவு போயிருக்க வேண்டும். 60 மில்லிமீட்டர் ஸ்லீவில், இரு பக்கமும் 16 மில்லிமீட்டர் வெற்று இழை விட்டால், ஓரத்திற்கு 14 மில்லிமீட்டர் பூச்சு உள்ளே நிற்கும், அது நல்லது. அதே வெட்டு நீளத்தோடு 40 மில்லிமீட்டர் ஸ்லீவைப் போட்டால் ஓரத்திற்கு 4 மில்லிமீட்டர்தான் மிஞ்சும். நடு சற்றே தவறினாலும் வெற்றுக் கண்ணாடி வெளியே வந்துவிடும். சிறிய ஸ்லீவுக்கு வெட்டு நீளத்தை 10 மில்லிமீட்டராகக் குறைத்துக்கொள்ள வேண்டும். ஹீட்டரிலிருந்து சூடாக எடுத்த ஸ்லீவை உடனே ட்ரேயில் அழுத்தினால் உள்ளே உருகியிருக்கும் பசை வளைந்தபடி உறைந்து, இழையை நிரந்தரமாக நெளித்துவிடும். ஆறவிடுங்கள்.

ட்ரேயில் சுற்றும்போது ஜி.652.டி இழைக்கு 30 மில்லிமீட்டர் ஆரத்திற்குக் குறையாமல் பார்த்துக்கொள்ள வேண்டும். வளைவைத் தாங்கும் ஜி.657.ஏ2 இழை 7.5 மில்லிமீட்டர் வரை பொறுக்கும் என்றாலும், ஒரே ட்ரேயில் இரண்டு வகையும் இருக்கும்போது பெரிய ஆரத்தையே எல்லாவற்றிற்கும் கொள்வது பாதுகாப்பு.

ஓடிடிஆர் சொல்வதைப் படித்தல்

ஒட்டிய பின் ஒரு முனையிலிருந்து மட்டும் ஓடிடிஆர் போட்டு, அதில் இழப்பு கூடுதலாகக் காட்டும் ஒட்டை வெட்டுவது நேரத்தையும் இழையையும் வீணாக்கும். காரணம் எளிது. ஓடிடிஆர் பார்ப்பது திரும்பி வரும் சிதறல் ஒளியை. எல்லா இழையும் ஒரே அளவு சிதறலைத் திருப்புவதில்லை. ஒளி செல்லும் பகுதியின் விட்டம் 9.2 மைக்ரான் உள்ள பழைய இழையோடு 8.6 மைக்ரான் உள்ள புதிய இழையை ஒட்டுகிறோம் என்று கொள்வோம். ஒட்டு குறையே இல்லாமல் விழுந்தாலும் அந்த வேறுபாட்டால் உண்மையான இழப்பு 0.02 டெசிபெல் அளவில் இருக்கும். ஆனால் பெரியதிலிருந்து சிறியதை நோக்கிப் பார்த்தால் ஓடிடிஆர் ஏறத்தாழ 0.27 டெசிபெல் லாபம் காட்டும். எதிர்ப்பக்கத்திலிருந்து பார்த்தால் 0.31 டெசிபெல் இழப்பு காட்டும். இரண்டையும் கூட்டி இரண்டால் வகுத்தால் உண்மை வெளிப்படும். சாலை அகலப்படுத்தும் வேலையில் பொக்லைன் அறுத்த பழைய கேபிளுக்கு நடுவே புதிய கேபிள் துண்டைச் சேர்க்கும்போது இது அடிக்கடி நேரும்: ஒரு முனையில் பெரிய இழப்பு, மறுமுனையில் லாபம். மூன்று முறை வெட்டி ஒட்டியும் ஒரே எண் வருகிறதென்றால் அது ஒட்டின் குற்றமன்று. இரு திசைச் சராசரி எல்லைக்குள் இருந்தால் விட்டுவிடலாம்.

இழப்பு ஒட்டிலா, வளைவிலா என்று பிரித்தறிய இரண்டு அலைநீளத்திலும் அளக்க வேண்டும். கோர் விலகிய ஒட்டு 1310-லும் 1550-லும் ஏறத்தாழ ஒத்த இழப்பையே தரும்; 1310-ல் சற்று அதிகமாகவும் இருக்கும். வளைவோ 1550-ல் மிகக் கூடுதலாகவும் 1625-ல் அதைவிடக் கூடுதலாகவும் காட்டும். ஆகவே 1310-ல் 0.05, 1550-ல் 0.4 என்று வந்தால் ஸ்ப்ளைசைத் தொடாமல் ட்ரேயைத் திறந்து, எங்கே இழை மூடியில் மாட்டியிருக்கிறது, எங்கே கட்டு இறுகியிருக்கிறது என்று பார்க்க வேண்டும். சிவப்பு லேசர் பேனாவை விட்டுப் பார்த்தால் வளைவில் ஒளி கசிவது இருட்டில் கண்ணுக்கே தெரியும். நல்ல ஸ்ப்ளைசில் ஓடிடிஆர் கோட்டில் பிரதிபலிப்பு முள் எழாது. அது எழுந்தால் உள்ளே இடைவெளியோ விரிசலோ இருக்கிறது, யோசிக்காமல் வெட்டலாம்.

முதல் ஒட்டும் கடைசி ஒட்டும், ஓடிடிஆரால் எதையும் பிரித்தறிய முடியாத குருட்டுப் பகுதியில் மறையாமலிருக்க, இரு முனையிலும் ஐந்நூறு மீட்டருக்குக் குறையாத லான்ச் இழையை (அளப்பதற்காக மட்டும் இணைக்கும் கூடுதல் இழை) சேர்க்க வேண்டும். ஒட்டுகள் அருகருகே இருந்தால் ஒளித்துடிப்பின் அகலத்தைக் குறைத்து அளக்க வேண்டும். இல்லாவிட்டால் இரண்டும் ஒன்றாகத் தெரியும். ஓடிடிஆர் காட்டும் தூரம் இழையின் தூரமே தவிர சாலையின் தூரமல்ல. கேபிளுக்குள் இழை சற்று நீளமாகவே இருக்கும். ஒவ்வொரு கம்பத்திலும் குழியிலும் வளையமாக விட்டிருப்பதும் அதில் சேரும். வளையங்களின் நீளத்தை எழுதி வைக்காத தடத்தில், வள்ளியூரில் இருக்கும் பிழையைப் பணகுடியில் தேட வேண்டிவரும்.

கிளோஷரை மூடுவதற்கு முன், ட்ரேக்களை மடக்கிய நிலையில், 1550-ல் இன்னொரு முறை அளந்துகொள்ள வேண்டும், ஏனெனில் ட்ரே மடங்கும்போது டியூப் நெரிவது மிகச் சாதாரணம். ரப்பர் வளையத்தில் ஒரு மணல்கூட இல்லாமல் துடைத்து, போல்ட்டுகளைக் குறுக்கு வரிசையில் இறுக்க வேண்டும். தாமிரபரணிக் கரையிலும் குளத்துப் பாசனப் பகுதியிலும் கிளோஷரைத் தாழ்ந்த குழியில் விடாமல், 2023 டிசம்பர் 17, 18 தேதிகளில் பெய்த பெருமழையில் நீர் நின்ற உயரத்தை ஊர்க்காரரிடம் கேட்டு, அதற்கு மேலாகப் பொருத்துவது நல்லது. தேதி, இழை எண், டியூபின் நிறம், இரு திசை இழப்பு, இரண்டின் சராசரி, கேபிளின் மேல் அச்சிட்ட மீட்டர் எண் ஆகியவற்றை நீரில் அழியாத பேனாவால் ஒரு தாளில் எழுதி, பிளாஸ்டிக் உறையிலிட்டுக் கடைசி ட்ரேயின் கீழ் வைத்துவிடுங்கள். அடுத்து அதைத் திறப்பவர் வேறொருவராக இருக்கலாம்.